இயலாமையும் மனமில்லாமையும்

1750 ஜூன் 22 அன்று மாசசூசெட்ஸ் மாகாணத்தின் நார்த்தாம்ப்டன் சபை தன் போதகரை வேலையிலிருந்து நீக்கியது. வாக்களித்த ஆண்களில் இருநூறுக்கும் மேற்பட்டவர்கள் போகட்டும் என்றார்கள். இருக்கட்டும் என்றவர்கள் 23 பேர். பெண்களுக்கு வாக்கில்லை. போதகருக்கு வயது 46. உயிரோடிருந்த பிள்ளைகள் பத்து. கடைக்குட்டிக்கு இரண்டரை மாதம். அதன்பிறகு நடந்ததுதான் வேடிக்கை. வேறு ஆள் கிடைக்காததால், நீக்கிய போதகரையே வாரா வாரம் கூப்பிட்டுப் பிரசங்கம் செய்யச் சொன்னார்கள். அவரும் கூப்பிட்ட வாரமெல்லாம் போய்ச் செய்தார். சில மாதங்களில் அதுவும் பொறுக்காமல் ஊர்க்கூட்டம் போட்டு, இவர் இனி மேடையேறக் கூடாது என்று தீர்மானித்தார்கள்.

அந்தப் போதகர் ஜோனதன் எட்வர்ட்ஸ். நான்கு ஆண்டுகள் கழித்து, 1754-இல், அவர் எழுதிய ஒரு புத்தகம் பாஸ்டனில் அச்சாகி வந்தது. தலைப்பை முழுதாகச் சொன்னால் இங்கே நாலு வரி போய்விடும். சுருக்கமாக ‘ஃப்ரீடம் ஆஃப் த வில்’ என்பார்கள். மனிதனின் சித்தம் சுதந்திரமானதா என்பதுதான் அதன் கேள்வி. அந்தப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு நார்த்தாம்ப்டன் வாக்கெடுப்பைப் பார்த்தால், அதன் ஆசிரியர் மூன்று விஷயங்களைச் சொல்லியாக வேண்டும். தன்னை நீக்கியவர்கள் சுதந்திரமாகத்தான் வாக்களித்தார்கள், யாரும் அவர்கள் கையைப் பிடித்து இழுக்கவில்லை. அந்த மனநிலையில் அவர்கள் வேறுவிதமாக வாக்களித்திருக்கவும் மாட்டார்கள். ஆனாலும் செய்ததற்கு முழுப்பொறுப்பு அவர்களுடையதே. முதலாவதை எல்லாரும் ஒப்புக்கொள்வோம், இரண்டாவதைச் சிலர். மூன்றையும் சேர்த்துச் சொல்கிறவரிடம் ஏதோ தில்லுமுல்லு இருப்பதாகத்தான் தோன்றும். தில்லுமுல்லு இல்லை என்று காட்டத்தான் அந்தப் புத்தகம்.

எட்வர்ட்ஸ் பிறந்தது 1703-இல், கனெக்டிகட்டின் ஈஸ்ட் வின்ஸரில். அப்பா போதகர். தாய்வழித் தாத்தா சாலமன் ஸ்டாடர்ட், நார்த்தாம்ப்டனில் ஏறக்குறைய அறுபது ஆண்டுகள் கோலோச்சியவர். நான்கு அக்காக்களுக்கும் ஆறு தங்கைகளுக்கும் நடுவில் இவர் ஒரே ஆண்பிள்ளை. பதின்மூன்று வயது நிறையும் முன்பே யேல் கல்லூரிக்குப் போனார். ஜான் லாக்கின் தத்துவ நூலைப் படித்தபோது, கருமிக்குப் பொற்காசுகளை அள்ளும்போது கிடைக்கும் இன்பத்தைவிடத் தனக்குக் கிடைத்தது அதிகம் என்று பின்னாளில் நண்பர்களிடம் சொல்லியிருக்கிறார். இருபது வயதில் சிலந்திகளைப் பற்றி ஒரு நீண்ட கடிதம் எழுதினார். சிலந்தி ஒரு மரத்திலிருந்து இன்னொரு மரத்துக்குக் காற்றில் எப்படிப் போகிறது என்பதுதான் அதில் விஷயம். சூரியனை ஏதாவது மறைக்கும்படியான இடத்தில் நிழலில் நின்றுகொண்டு, ஒளியில் மின்னும் இழைகளை அண்ணாந்து பார்ப்பது. சிலந்தி உட்கார்ந்திருக்கும் குச்சியை லேசாக ஆட்டி, அது இழையை வெளியே விடும் விதத்தைக் கவனிப்பது. பார்த்ததைப் படம் வரைவது. அமெரிக்கப் பாடப்புத்தகங்கள் இந்த எட்வர்ட்ஸை விட்டுவிட்டு, 1741-இல் என்ஃபீல்டில் நரக நெருப்பின் மேல் மனிதனைச் சிலந்திபோலத் தொங்கவிட்டுப் பிரசங்கித்த எட்வர்ட்ஸை மட்டும் பிள்ளைகளுக்குக் காட்டுகின்றன. இரண்டு சிலந்திகளையும் பார்த்த கண் ஒன்றுதான்.

எட்வர்ட்ஸ் பிறந்து வளர்ந்த சமயமரபான கால்வினியத்தின் மையமான போதனை, கடவுள் யாருக்குக் கிருபை அளிப்பது என்பதை மனிதனின் தகுதியைப் பார்க்காமல் தாமே முன்குறித்திருக்கிறார் என்பது. பிள்ளைப் பருவத்தில் எட்வர்ட்ஸுக்கு இது சுத்தமாகப் பிடிக்கவில்லை. சிலரை நித்திய ஆக்கினைக்கு விட்டுவிடும் கடவுளா என்று மனம் முரண்டியது. பிறகு ஒரு கட்டத்தில் அந்த முரண்டு இல்லாமல் போயிருந்தது. எப்படிப் போனது, எந்த வாதத்தால் போனது என்று தன்னால் சொல்ல முடியவில்லை என்று தன் ஆத்மிக வரலாற்றில் எழுதுகிறார். வெறுமனே ஒப்புக்கொண்டதோடு நிற்கவில்லை. அந்தப் போதனை தித்திக்கத் தொடங்கியது என்கிறார். அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் இதை ஒரு மனமாற்றக் கதையாகச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவார்கள். எனக்கு என்னவோ பின்னால் வரப்போகும் புத்தகத்தின் வித்து இங்கேதான் விழுந்தது என்று படுகிறது. கசந்தது இனித்தது. இனிக்கட்டும் என்று அவர் தீர்மானித்து அது இனிக்கவில்லை.

1727-இல் தாத்தாவுக்குத் துணைப் போதகராக நார்த்தாம்ப்டனில் அமர்ந்தார். அதே ஆண்டு ஜூலையில் பதினேழு வயது சாரா பியர்பாண்டை மணந்தார். 1729-இல் தாத்தா இறந்ததும் சபை முழுக்க இவர் பொறுப்பு. 1734-35-இல் ஊரில் பெரும் எழுப்புதல் உண்டாயிற்று. ஏறக்குறைய இருநூறு குடும்பங்கள் இருந்த ஊரில், அரை ஆண்டுக்குள் முந்நூறு பேருக்கு மேல் மனந்திரும்பினார்கள் என்று கணக்குச் சொல்கிறார். அதை விவரித்து அவர் எழுதிய நூல் 1737-இல் லண்டனில் வெளிவந்தபோது முன்னுரை எழுதித் தந்த இருவரில் ஒருவர், பாமாலைகளால் உலகெங்கும் பெயர் பெற்ற ஐசக் வாட்ஸ். அதே வாட்ஸ் பெயர் போடாமல் வெளியிட்டிருந்த சித்த சுதந்திரம் பற்றிய நூலைத்தான் எட்வர்ட்ஸ் 1754-இல் பக்கம் பக்கமாகப் பிரித்து மேய்ந்தார்.

வேலை போனபின் அவர் போய்ச் சேர்ந்த இடம் ஸ்டாக்பிரிட்ஜ். மாகாணத்தின் மேற்கு எல்லையில், மொஹிக்கன் என்ற அமெரிக்கப் பழங்குடி இந்தியர்களுக்கென ஏற்படுத்திய மிஷன் ஊர். கூடவே சில வெள்ளைக் குடும்பங்கள். 1751-இல் அங்கே குடியேறி, மொழிபெயர்ப்பாளரை வைத்துக்கொண்டு மொஹிக்கன் மக்களுக்கு எளிய பிரசங்கங்கள் செய்தார். இந்தியப் பிள்ளைகளின் பள்ளிக்கென வந்த பணத்தையும் அவர்களுடைய நிலத்தையும் ஊரின் பெரிய குடும்பம் ஒன்று தன் பக்கம் வளைத்துக்கொள்வதாகச் சொல்லி அந்தக் குடும்பத்தோடு பல ஆண்டுகள் மல்லுக்கட்டினார். காகிதத்துக்குத் தட்டுப்பாடு, கடனும் இருந்தது. மனைவியும் பெண்களும் விசிறி செய்வார்கள். விசிறிக்கு வெட்டி மிஞ்சிய துண்டுக் காகிதங்களை அடுக்கித் தைத்து நோட்டுப்புத்தகமாக்கி இவர் எழுதுவார். பழைய பில்கள், வந்த கடிதங்களின் பின்பக்கம், எதுவும் வீணாகவில்லை. ஐரோப்பிய நூலகங்களிலிருந்து ஒரு பெருங்கடல் தள்ளி, அப்படிப்பட்ட ஊரில் உட்கார்ந்துகொண்டு, சில மாதங்களிலேயே அந்தப் புத்தகத்தை எழுதி முடித்தார்.

அவர் எதிர்த்தது அர்மீனியர்களை. கிருபையை ஏற்கவும் தள்ளவும் மனிதனுக்குச் சக்தி உண்டு என்று போதித்த டச்சுக்காரர் அர்மீனியஸின் வழியை 1618-19-இல் டார்ட் நகரப் பேரவை கண்டித்துத் தள்ளியிருந்தது. தள்ளிய கருத்து நூற்றாண்டு கடந்து இங்கிலாந்தில் செழித்தது. சித்தம் தன்னைத்தானே தீர்மானித்துக்கொள்கிறது. எதன் பக்கமும் சாயாமல் நடுநிலையில் நின்று தேர்ந்தெடுத்தால்தான் அது சுதந்திரம். அந்தச் சுதந்திரம் இல்லையென்றால் புகழவும் பழிக்கவும் இடமில்லை. டேனியல் விட்பி, தாமஸ் சப் போன்றவர்கள் சொன்னதன் சாரம் இதுதான். நமக்கும் இது இயல்பாகத்தான் படும். எட்வர்ட்ஸ் கால்வினை மேற்கோள் காட்டி இதற்குப் பதில் சொல்லவில்லை. அடையாளத்துக்காகத் தன்னைக் கால்வினியர் என்று சொல்லிக்கொள்வதில் ஆட்சேபமில்லை, ஆனால் கால்வின் சொன்னார் என்பதற்காக எதையும் நம்புகிறவன் நானில்லை என்று முன்னுரையிலேயே தெளிவாக்கிவிடுகிறார். தர்க்கம் ஒன்றுதான் ஆயுதம்.

சித்தம் தன்னைத் தீர்மானிக்கிறது என்றால், தீர்மானிப்பதும் சித்தத்தின் ஒரு செயல்தான். அந்தச் செயல் சுதந்திரமானதாக இருக்க, அதற்கு முன் இன்னொரு தீர்மானம் வேண்டும். அதற்கு முன் இன்னொன்று. பின்னோக்கிப் போய்க்கொண்டே இருந்தால் முடிவே இல்லை. எங்காவது ஒரு முதல் செயல் உண்டென்றால், அதை எந்தத் தீர்மானமும் தீர்மானிக்கவில்லை. ஆக அர்மீனியர் சொல்லும் பொருளில் அது சுதந்திரமானதில்லை. காரணமே இல்லாமல் தானாக நேர்ந்தது என்பீர்களா? தானாக நேர்ந்த ஒன்றுக்கு யாரைப் பொறுப்பாக்குவது? எட்வர்ட்ஸ் இந்தப் பிடியை விடவே மாட்டார். எதிராளி எந்தச் சந்தில் நுழைந்தாலும் அந்தச் சந்தின் மறுமுனையில் நிற்பார். படிக்கும்போது சில இடங்களில், போதும் ஐயா, விட்டுவிடுங்கள் என்று சொல்லத் தோன்றும்.

அப்படியானால் சித்தத்தை நகர்த்துவது எது? அந்த நொடியில் மனதுக்கு எது மிக நல்லதாகத் தெரிகிறதோ அது. குடிகாரன் முன் மது இருக்கிறது. குடிப்பதா வேண்டாமா? நாளைய துன்பம் அவனுக்குத் தெரியாமலில்லை. ஆனால் அது தூரத்தில் இருக்கிறது, மங்கலாக இருக்கிறது. கையெட்டும் தூரத்தில் இருக்கும் இன்பம் பளிச்சென்று தெரிகிறது. அவன் குடிப்பான். விரும்பித்தான் குடிக்கிறான், அதனால் சுதந்திரமாகவே குடிக்கிறான். சுதந்திரம் என்பது விரும்பியதைச் செய்யத் தடையில்லாதிருப்பது. அதற்குமேல் அதற்கு ஒரு அர்த்தமும் இல்லை என்கிறார். அந்த விருப்பம் எங்கிருந்து வந்தது என்ற கேள்வி சுதந்திரத்தைத் தொடாது.

தமிழில் இதைப் படிக்கிறவர்களுக்கு ஊழும் தலையெழுத்தும் நினைவுக்கு வந்துவிடும். அந்த வழியில் போனால் எட்வர்ட்ஸைத் தவற விடுவோம். தலையெழுத்து, நீங்கள் விரும்பினாலும் விரும்பாவிட்டாலும் வந்து சேர்வது, ஓடினாலும் துரத்தும். எட்வர்ட்ஸின் நியதி உங்கள் விருப்பத்தை மீறி வருவதில்லை. உங்கள் விருப்பமாகவே வருகிறது. தப்பி ஓட நினைத்தால் அந்த நினைப்பும் அதுதான். எல்லாம் நியதிப்படியே என்ற ஆங்கிலத் தத்துவவாதி ஹாப்ஸ் சொன்னதைத்தான் நீங்களும் சொல்கிறீர்கள் என்று குற்றம் சாட்டக்கூடும் என்று எதிர்பார்த்து, தான் ஹாப்ஸைப் படித்ததே இல்லை என்றும், உண்மையை ஒரு கெட்டவன் சொல்லிவிட்டான் என்பதற்காக அதைத் தள்ள வேண்டியதில்லை என்றும் எழுதிவைத்தார்.

புத்தகத்தின் உயிர் இந்தத் தர்க்கத்தில் இல்லை, இரண்டு விதமான இயலாமைகளைப் பிரித்துக் காட்டும் இடத்தில் இருக்கிறது என்பது என் எண்ணம். அதற்கு அவர் சொல்லும் கதை ஒன்று. அரசனுக்கு எதிராகக் குற்றம் செய்த ஒருவன் சிறையில் கிடக்கிறான். அரசனே வந்து, வெளியே வந்து காலில் விழு, மன்னித்து மரியாதையும் செய்கிறேன் என்கிறான். கைதி மனதார வருந்துகிறான், விழத் தயார். ஆனால் சுற்றிலும் உறுதியான சுவர், எதிரே வெண்கலக் கதவு. இன்னொரு கைதி, கலகம் செய்து சங்கிலியில் கிடந்தவன். அவனிடமும் அரசன் அதையே சொல்கிறான். சங்கிலியைக் கழற்றியாயிற்று, கதவையும் திறந்தாயிற்று. ஆனால் அவனுடைய ஆணவமும் பகையும் அவனைப் பணியவிடவில்லை. இருவரும் வெளியே வரவில்லை. இருவராலும் வர இயலவில்லை என்றே சொல்லலாம். இருவரையும் ஒன்றாக வைத்துத் தீர்ப்புச் சொல்வீர்களா?

முதலாமவனுடையது இயற்கையான இயலாமை. உடலோ அறிவோ சூழலோ தடுக்கிறது. அது மன்னிப்புக்குரியது. இரண்டாமவனுடையது ஒழுக்கம் சார்ந்த இயலாமை. தடுப்பது அவன் மனமின்மை ஒன்றுதான். நாம் வாய்கூசாமல் இரண்டையும் ஒன்றாக்கிவிடுகிறோம்: கோபம் வந்தால் என்னால் அடக்க முடியாது, அவனிடம் போய் மன்னிப்புக் கேட்க என்னால் முடியாது. எட்வர்ட்ஸ் இதற்கு மறுபக்கத்தையும் காட்டுகிறார். பெற்றவனை மிகவும் நேசிக்கும் பிள்ளையால் அவனைக் கொல்ல இயலாது. அந்த இயலாமைக்காக அந்தப் பிள்ளையைப் புகழாமல் விடுவோமா? நடுநிலையில் நின்று, கொல்லவும் செய்யலாம் கொல்லாமலும் விடலாம் என்று ஊசலாடி, கடைசியில் கொல்லாமல் விட்டவனா மேலானவன்? நன்மையில் ஊறியவன் தீமை செய்ய இயலாதவனாகிறான். அது அவன் புகழைக் கூட்டுகிறது. அதே கணக்கின்படி தீமையில் ஊறியவனின் இயலாமை அவன் பழியைக் கூட்டத்தான் வேண்டும்.

இந்தப் புத்தகம் பலரின் தூக்கத்தைக் கெடுத்திருக்கிறது. 1778-இல் லண்டன் விருந்தொன்றில் எட்வர்ட்ஸின் பேச்சு எழுந்தபோது, அது தன்னை மிகவும் குழப்பியதாகவும் மறந்துவிடுவது ஒன்றே அதற்கு மருந்தாக இருந்ததாகவும் ஜான்சனின் வரலாற்றை எழுதிய பாஸ்வெல் சொன்னார். கோட்பாடெல்லாம் சித்த சுதந்திரத்துக்கு எதிராக இருக்கிறது, அனுபவமெல்லாம் அதன் பக்கம் இருக்கிறது என்ற பொருளில் சாமுவேல் ஜான்சன் பேச்சை முடித்துவைத்தார். ஜான்சனின் அந்தத் தப்பித்தல் எனக்குப் பிடிக்கும். ஆனால் அது பதில் ஆகாது. 1902-இல் மார்க் ட்வைன் தன் போதக நண்பர் கொடுத்த பிரதியைப் படித்துவிட்டு அவருக்கு எழுதிய கடிதம் இன்னும் காரமானது. மனிதன் தானாக எதையும் தொடங்குவதில்லை என்பதுவரை எட்வர்ட்ஸோடு ட்வைன் சேர்ந்தே நடந்துவருகிறார். அப்படிப்பட்டவனைக் கடவுள் முன் பொறுப்பாளியாக நிறுத்தியதும் ட்வைனுக்குப் பற்றிக்கொள்கிறது. மகத்தான மூளை ஒன்று பைத்தியம் பிடித்துக் கிடப்பதாக அவருக்குத் தோன்றுகிறது. ட்வைனின் எரிச்சல் நியாயமானது. அந்த எரிச்சலுக்கு வலுவான ஒரு சாட்சி எட்வர்ட்ஸின் சொந்த வாழ்க்கையிலேயே இருக்கிறது.

1735-இல் எழுப்புதல் நடந்துகொண்டிருந்தபோது, ஜூன் 1, ஞாயிற்றுக்கிழமை காலை, ஜோசப் ஹாலி என்ற வணிகர் தன் கழுத்தை அறுத்துக்கொண்டு இறந்தார். எட்வர்ட்ஸுக்குச் சொந்தச் சித்தப்பா முறை. தன் ஆத்துமாவின் நிலையை நினைத்து நினைத்து அதற்கு முன் பல நாட்கள் அவர் தூங்கவில்லை. மனச்சோர்வு அந்தக் குடும்பத்தில் உள்ள வியாதி, அவருடைய தாயும் அதனால் போனவர் என்று எட்வர்ட்ஸே எழுதியிருக்கிறார். மரண விசாரணை செய்தவர்களும் புத்தி பேதலித்த நிலையில் செய்த காரியம் என்று தீர்ப்பளித்தார்கள். அதன்பின் ஊரில் பலருக்கு, துயரமே இல்லாதவர்களுக்குக்கூட, நீயும் கழுத்தை அறுத்துக்கொள் என்று யாரோ உள்ளிருந்து தூண்டுவதுபோல இருந்ததாம். எழுப்புதல் அடங்கிப் போயிற்று.

ஹாலியை எந்தக் கைதியோடு சேர்ப்பது? அவர் கையை யாரும் கட்டவில்லை. அந்த நொடியில் அவர் மனதுக்கு மிக நல்லதாகத் தெரிந்ததைச் செய்தார். எட்வர்ட்ஸின் இலக்கணப்படி அது சுதந்திரமான செயல். ஆனால் விருப்பத்தையே நோய் பிடித்திருந்தது. விருப்பத்தின் ஊற்றைப் பற்றிக் கேட்கத் தேவையில்லை என்று சொன்ன அதே எட்வர்ட்ஸ், ஹாலி விஷயத்தில் ஊற்றைத் தேடிப் போய், குடும்பத்தையும் வியாதியையும் சாத்தானையும் எழுதிவைக்கிறார். தேடியது மனிதாபிமானம்தான். ஆனால் ஹாலியின் விருப்பத்துக்கு ஊற்றுப் பார்த்துச் சலுகை கொடுத்தால், கலகக்காரக் கைதியின் ஆணவத்துக்கும் ஊற்றுப் பார்க்க வேண்டாமா? பிறந்தபோதே பாவத்தில் பிறந்தவன் என்று அவனைப் பற்றிச் சொல்வதும் இவர்தானே? 1754 புத்தகத்தில் இதற்கு நேரான பதில் எனக்குக் கிடைக்கவில்லை. இரண்டு இயலாமைகளுக்கும் நடுவில் அவர் போட்ட வரப்பு பெரும்பாலான இடங்களில் உறுதியானது. நோயுற்ற மனதின் அருகே அது கரைந்துவிடுகிறது.

செத்தவரின் மகன் பெயரும் ஜோசப் ஹாலி. தகப்பன் இறந்தபோது அவனுக்கு வயது 11. 1750-இல் எட்வர்ட்ஸை வெளியேற்றிய அணிக்கு முன்னால் நின்று வாதாடியது அவர்தான். திருவிருந்தில் யார் பங்கெடுக்கலாம் என்பது வெளியே தெரிந்த சண்டை. ஒழுங்காக நடக்கிற யாரும் வரலாம் என்று தாத்தா ஸ்டாடர்ட் வைத்திருந்த வழக்கத்தை மாற்றி, மனந்திரும்பியதற்கு அறிக்கை சொன்னவர்கள் மட்டுமே வரலாம் என்றார் பேரன். அதற்கு முன்பே ஊர் கசந்திருந்தது. 1744-இல், மருத்துவச்சிகளுக்கான புத்தகத்தை வாலிபர்கள் சிலர் ரகசியமாகப் படித்துப் பெண்களைக் கேலி செய்தது தெரியவந்தபோது, விசாரிக்க வேண்டியவர்களின் பெயர்களை எட்வர்ட்ஸ் சபையில் வாசித்தார். குற்றவாளி யார், சாட்சி யார் என்று பிரிக்காமல் ஒரே பட்டியலாக. பெரிய வீட்டுப் பிள்ளைகளின் பெயர்களும் அதில் இருந்தன. மனித மனதின் உள்ளோட்டங்களை அவ்வளவு நுணுக்கமாகப் பிரித்தவருக்கு, ஒரு பட்டியல் ஊருக்குள் என்ன செய்யும் என்பது தெரியவில்லை. ஹாலி பிற்பாடு எட்வர்ட்ஸுக்குக் கடிதம் எழுதி மன்னிப்புக் கேட்டார். 1760-இல் பாஸ்டன் பத்திரிகையில் பகிரங்கமாகவும் தன் தவறை ஒப்புக்கொண்டார். அப்போது எட்வர்ட்ஸ் உயிரோடு இல்லை.

இனி, எட்வர்ட்ஸை விரும்புகிறவர்கள் சீக்கிரம் கடந்துபோக விரும்பும் பகுதி. 1731 ஜூனில் அவர் ரோட் ஐலண்டின் நியூபோர்ட்டில் வீனஸ் என்ற கறுப்பினப் பெண்ணை 80 பவுனுக்கு வாங்கினார். பெண்ணுக்கு வயது ஏறக்குறைய 14. கிரயச் சீட்டு பத்திரமாக இருக்கிறது. அடுத்த மாதம் பாஸ்டனில் போதகர்கள் முன்னிலையில் அவர் செய்த பிரசங்கம்தான் அவருடைய முதல் அச்சு நூலாயிற்று. மனிதன் எல்லாவற்றுக்கும் முழுமுழுக்கக் கடவுளையே சார்ந்திருக்கிறான் என்பது அதன் பொருள். அதன்பின் கடைசிவரை அவர் வீட்டில் அடிமைகள் இருந்தார்கள். கறுப்பினத்தவரையும் இந்தியர்களையும் சபையின் முழு அங்கத்தினராகச் சேர்த்தவர் அவர்தான் என்பதையும் மறைக்க வேண்டியதில்லை.

அந்தக் காலம் அப்படி, அவரால் வேறுவிதமாக யோசித்திருக்க முடியாது என்பது வழக்கமாகச் சொல்லும் சமாதானம். முதலில் அது தகவலளவிலேயே பிழை. அடிமைமுறை பாவம் என்று வாதிட்ட சாமுவேல் சீவல் என்ற நீதிபதியின் சிறுநூல் 1700-இல், எட்வர்ட்ஸ் பிறப்பதற்கு மூன்று ஆண்டுகள் முன்பே, பாஸ்டனில் அச்சாகிவிட்டது. நார்த்தாம்ப்டனுக்குச் சற்று வடக்கே நார்த்ஃபீல்டில் ஒரு போதகர் அடிமைகளை வைத்திருப்பதை அவர் சபையாரே எதிர்த்துக் கேட்டார்கள். படிப்பறிவு குறைந்த குடியானவர்களுக்கு உறைத்த விஷயம் அது. அந்தப் போதகருக்கு ஆதரவாக 1740-களின் தொடக்கத்தில் குறிப்பு எழுதியவர் எட்வர்ட்ஸ். ஆப்பிரிக்காவில் போய்ச் சுதந்திர மனிதர்களைப் பிடித்துவரும் வியாபாரத்தை அதில் அவர் ஏற்கவில்லை. ஆனால் ஏற்கெனவே அடிமையாக இருப்பவரை வைத்திருப்பதைத் தாங்கிப்பேசுகிறார். குறை சொல்கிறவர்களும் அடிமைகளின் உழைப்பால் வந்த பண்டங்களைத் தின்கிறவர்கள்தானே என்று மடக்குகிறார். வாதத்தில் சாமர்த்தியம் இருக்கிறது. வாங்குகிறவன் இல்லாமல் பிடித்துவருகிறவன் இல்லை என்பது அவருக்குப் புரியாத தர்க்கமா என்ன?

தகவல் ஒருபுறம் இருக்கட்டும். அவரால் முடியவில்லை என்ற சமாதானத்தை எட்வர்ட்ஸே ஏற்க மாட்டார். எந்தச் சட்டமும் அவரை அடிமை வாங்கச் சொல்லவில்லை. அறிவுக் குறை என்று சொன்னால் யேல் கல்லூரிக் கட்டடங்களும் சிரிக்கும். சங்கிலி இல்லை, வெண்கலக் கதவு இல்லை. வீட்டு வேலைக்கு ஆள், கனவான்களுக்கு உரிய அந்தஸ்து, சுற்றியிருந்த போதகர்களின் வழக்கம் — இவை அந்த நொடியில் மனதுக்கு மிக நல்லதாகத் தெரிந்தன. அவர் விரும்பினார், வாங்கினார். இரண்டாம் கைதியின் இயலாமைதான் இது. பழக்கத்தால் இறுகியது என்பது பழியைக் குறைக்காது, கூட்டும் என்று புத்தகம் சொல்கிறது. முன்னோர்களின் குற்றங்களை, சாதி உட்பட, காலத்தின் தலையில் ஏற்றிவிட்டு நிம்மதியாகும் பழக்கம் நமக்கும் உண்டு. அதற்கு இவ்வளவு இரக்கமில்லாத மறுப்பை நான் வேறெங்கும் படித்ததில்லை. கால்வினியம் மனிதனின் கையைக் கட்டிப்போட்டுச் சோம்பேறியாக்கும் என்று சொல்வார்கள். எட்வர்ட்ஸிடம் நடப்பது நேர்மாறு. சாக்குச் சொல்ல அவர் ஒரு மூலையையும் மிச்சம் வைப்பதில்லை, தனக்கும்கூட.

இதைச் சீடர்கள் கவனித்துவிட்டார்கள். இயற்கையான தடை இல்லையென்றால் மனந்திரும்புவதை நாளைக்கு ஒத்திவைக்கக் காரணமே இல்லை என்று அவர்கள் பிரசங்கித்தார்கள். அந்த உடனடித்தன்மையில் ஊறி வளர்ந்தவர்கள்தான் 1810-இல் அமெரிக்க மிஷன் சங்கத்தை அமைத்தார்கள். 1816-இல் யாழ்ப்பாணத்தில் வந்திறங்கிய டேனியல் பூரும் கூட்டாளிகளும் அவர்கள் அனுப்பியவர்கள். வட்டுக்கோட்டை செமினரியும், 1862-இல் சென்னையில் அச்சான வின்ஸ்லோவின் பெரிய தமிழ் அகராதியும் அந்த வழியில் வந்தவை. எட்வர்ட்ஸிடம் நேரில் பாடம் கேட்ட சாமுவேல் ஹாப்கின்ஸ் 1770-இல் போதகராகப் போன ஊர் நியூபோர்ட், குரு வீனஸை வாங்கிய அதே துறைமுகம். அடிமை வியாபாரத்தில் கொழுத்த அந்த ஊரில் இருந்துகொண்டு, அடிமைகளை விடுவிக்க வேண்டும் என்று 1776-இல் அவர் நூல் எழுதி வெளியிட்டார்.

எட்வர்ட்ஸ் அதைப் பார்க்கவில்லை. மூத்த மருமகன்களில் ஒருவரும் நியூ ஜெர்ஸி கல்லூரியின் தலைவருமான ஆரன் பர் 1757 செப்டம்பரில் இறந்ததும், அந்தப் பதவிக்கு மாமனாரைக் கூப்பிட்டார்கள். தன் உடலும் சுபாவமும் அதற்கு ஏற்றவையல்ல, எழுத வேண்டிய பெரிய நூல்கள் வேறு பாக்கியிருக்கின்றன என்று நீண்ட பதில் எழுதினார். சக போதகர்கள் போகச் சொன்னதும் போனார். பிரின்ஸ்டனுக்கு வந்தது 1758 ஜனவரியில். ஊரைச் சுற்றி அம்மை பரவிக்கொண்டிருந்தது. பிப்ரவரி 23 அன்று அம்மைப்பால் குத்திக்கொண்டார். அக்காலத்தில் அது அம்மையையே சிறிய அளவில் உடலில் ஏற்றும் முறை, ஆபத்து இல்லாததல்ல; அறிவியலில் அவருக்கு இருந்த நம்பிக்கை அப்படி. தொண்டையில் கொப்புளங்கள் பரவி மருந்தும் இறங்காமல் மார்ச் 22 அன்று இறந்தார். வயது 54. அவருடைய சொத்துப் பட்டியலில் டைட்டஸ் என்ற கறுப்பினச் சிறுவனின் பெயர் கால்நடைகளோடு சேர்த்து எழுதப்பட்டிருக்கிறது.

தகப்பன் பெயரையே தாங்கிய மகன் ஜோனதனுக்கு அப்போது வயது 12. ஸ்டாக்பிரிட்ஜ் தெருக்களில் மொஹிக்கன் பிள்ளைகளோடு விளையாடி வளர்ந்து, தாய்மொழியைவிட அந்த மொழி தனக்குப் பழகிப்போயிருந்தது என்று எழுதியவர் அவர். 1791 செப்டம்பர் 15 அன்று நியூ ஹேவனில் அடிமைமுறையை எதிர்த்து அவர் செய்த பிரசங்கத்தில், இன்னும் ஐம்பது ஆண்டுகளில் அடிமை வைத்திருப்பது திருட்டைப் போல வெட்கக்கேடான காரியமாகிவிடும் என்று சொன்னார். கனெக்டிகட் மாநிலம் அடிமைமுறையை முற்றிலும் ஒழித்தது 1848-இல். அவர் கணக்கில் ஏழு ஆண்டுகள் பிசகியது.